வாளும் விசுவாசமும்: ஜப்பானியச் சாமுராய் மௌனப்படங்களின் ஒளியில் நாஞ்சில் நாட்டு ‘மார்த்தாண்ட வர்மா’

ஆய்வுச்சுருக்கம்

தலைவனுக்காக உயிர்விடும் வீரன் என்னும் கதைப்பொருள் ஜப்பானிய மௌனப்படங்களில் 1910ஆம் ஆண்டுகளுக்கும் 1920களின் இறுதிக்கும் இடையில் பெரிதும் உருமாறியது. இதே கதைப்பொருளைத் தென்னிந்தியாவில் கையாண்ட மௌனப்படம் நாகர்கோவிலைச் சேர்ந்த ஆர். சுந்தர்ராஜ் தயாரித்து, பி. வி. ராவ் இயக்கிய ‘மார்த்தாண்ட வர்மா’ ஆகும். திருவட்டாறு, பத்மநாபபுரம், கல்குளம் எனும் நிலப்பகுதியின் அரசியல் வரலாற்றை அடியாகக் கொண்ட இப்படத்தில், விசுவாசம் யாருடைய உடலில், எந்தச் சாதியின் தோற்றத்தில் காட்டப்படுகிறது என்னும் வினாவை ஜப்பானியப் படங்களோடு ஒப்பவைத்து இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: மௌனப்படம், சாமுராய், செஞ்சோற்றுக்கடன், மார்த்தாண்ட வர்மா, திருவட்டாறு, சான்றார், தம்பிமார் கதை.

முன்னுரை

கோதையாறும் பறளியாறும் சூழ்ந்தோடும் திருவட்டாற்றில் ஆதிகேசவப் பெருமாள் மேற்கு நோக்கிப் பள்ளிகொண்டிருக்கிறார். நம்மாழ்வார் பாடிய மலைநாட்டுத் திருப்பதிகளுள் ஒன்று இது. திருவனந்தபுரத்துப் பத்மநாபருக்கு மூத்தவராக இப்பெருமாளைக் கருதும் வழக்கம் இவ்வட்டாரத்தில் உண்டு. போருக்குப் புறப்படுமுன் மார்த்தாண்ட வர்மா இங்கு வந்து தம் வாளை வைத்து வழிபட்டார் என்பது கோயில் மரபு. 1741இல் குளச்சலில் டச்சுக்காரரை வென்றவரும், 1750இல் திருப்படிதானம் வழியாக நாட்டையே பத்மநாபருக்கு ஒப்படைத்துத் தம்மைப் ‘பத்மநாபதாசர்’ என்று அழைத்துக்கொண்டவரும் அவரே. அரசனே ஒருவருக்கு அடியவனாகிவிட்ட நாட்டில், அரசனுக்கு அடியவனாக இருப்பது என்றால் என்ன? வேணாட்டு வரலாற்றைப் புனைவாக்கிய ஒவ்வொருவரும் இந்த வினாவை ஏதோ ஒரு வகையில் எதிர்கொள்ள நேர்ந்தது.

தமிழில் இதற்கு ஆயத்தமான சொல் உண்டு. செஞ்சோற்றுக்கடன். உண்ட சோற்றுக்கு உயிரால் கடன் தீர்ப்பது. தொல்காப்பியப் புறத்திணையியல் வீரன் தன்னைத் தானே பலியாக்கும் அவிப்பலியைத் துறையாக வகுத்திருக்கிறது. நவகண்டச் சிற்பங்கள் அதையே கல்லில் காட்டுகின்றன. ஜப்பானிய மரபில் ‘கிரி’ எனப்படும் கடப்பாடும் ‘நிஞ்ஜோ’ எனப்படும் மனித நெஞ்சின் ஈரமும் ஒன்றோடொன்று மோதும் இடத்தில்தான் சாமுராய் கதைகள் பிறக்கின்றன. இரு மரபுகளுக்கும் நேர்த்தொடர்பு ஏதும் இல்லை. ஆயினும் இரண்டும் ஏறத்தாழ ஒரே காலத்தில் ஒரே கருவியின் முன், அதாவது ஓசையற்ற படக்கருவியின் முன், நிறுத்தப்பட்டன. பேச்சின் துணையின்றி விசுவாசத்தை எவ்வாறு காட்டுவது என்னும் சிக்கல் இரண்டுக்கும் பொதுவாயிற்று.

வாள் ஒழிந்தபின் எழுந்த வீரக்கதை

விசுவாசம் பற்றிய புகழ்பெற்ற ஆக்கங்கள் பலவும் அந்த விசுவாசத்தைத் தொழிலாகக் கொண்டிருந்த வகுப்பார் மறைந்த பிறகே எழுதப்பட்டன என்பது கவனிக்கத்தக்கது. ஜப்பானில் 1876ஆம் ஆண்டுச் சட்டம் சாமுராய்கள் பொதுவிடத்தில் வாள் தரிப்பதைத் தடை செய்தது. அதன்பின் கால் நூற்றாண்டு கழிந்து, 1900இல் நிதோபே இனாசோ ‘புஷிதோ’ என்னும் நூலை எழுதினார். அதையும் ஆங்கிலத்தில், வெளிநாட்டு வாசகருக்காக எழுதினார். சாமுராய் அறம் என்று உலகம் இன்று அறிந்திருப்பதில் பெரும்பங்கு இவ்வாறு பின்னோக்கிப் பார்த்து ஒழுங்குபடுத்தப்பட்டதாகும்.

திருவிதாங்கூரிலும் நிலைமை வேறல்ல. தலக்குளத்தில் பிறந்த வேலுத்தம்பி தளவாய் ஆங்கிலேயருக்கு எதிராக எழுந்து 1809இல் தோற்றபின் நாட்டுப்படை கலைக்கப்பட்டது. களரிகளில் பயின்ற வாள் விழாக்காலக் காட்சிப்பொருளாக மாறத் தொடங்கியது. இச்சூழலில்தான் சி. வி. ராமன் பிள்ளை (1858–1922) ‘மார்த்தாண்ட வர்மா’ நாவலை எழுதி 1891இல் வெளியிட்டார். மலையாளத்தின் முதல் வரலாற்று நாவலாகிய அது, பின்னர் வந்த ‘தர்மராஜா’, ‘ராமராஜபகதூர்’ ஆகியவற்றோடு சேர்ந்து ஒரு முத்தொகுதியாயிற்று. அரசருக்கு மேல் ரெசிடெண்ட் அமர்ந்திருந்த காலத்தில், அரசருக்காக உயிர்கொடுத்தவர்களின் கதையை மக்கள் விரும்பிப் படித்தனர்.

சூஷிங்குராவிலிருந்து ஒரோச்சிவரை

ஜப்பானிய மௌனப்படங்களில் விசுவாசக் கதை என்றதும் நினைவுக்கு வருவது ‘சூஷிங்குரா’. 1701இல் எடோ கோட்டைக்குள் அசானோ என்னும் பிரபு, கிரா என்னும் அதிகாரியின்மீது வாளை உருவினார். அன்றே அவர் வயிற்றைக் கீறி இறக்குமாறு ஆணையிடப்பட்டது. அவருடைய நிலம் பறிக்கப்பட்டது. பணியாளர்கள் தலைவனற்ற ‘ரோனின்’கள் ஆயினர். ஓயிஷியின் தலைமையில் 47 பேர் காத்திருந்து, 1703ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் கிராவின் மாளிகையைத் தாக்கி அவர் தலையை வெட்டித் தம் தலைவனின் கல்லறையில் வைத்தனர். அவர்களுள் 46 பேருக்கு அரசு அதே தற்கொலைத் தண்டனையை விதித்தது. அவர்களின் செயல் விசுவாசமா, குற்றமா என்று அக்காலக் கன்பூசிய அறிஞர்கள் வாதிட்டனர். ஒகியூ சொராய் தண்டனையை ஆதரித்தார்: தலைவனிடம் கொண்ட பற்று போற்றத்தக்கது, நாட்டின் சட்டமோ காக்கப்பட வேண்டியது. ஆக, இக்கதையின் வேரிலேயே விசுவாசமும் நீதியும் ஒத்துப்போகாத நிலை இருக்கிறது. 1748இல் இது பொம்மலாட்ட நாடகமாக அரங்கேறியபோது அம்முரண் பெரிதும் மெழுகப்பட்டு, தியாகம் முன்னிறுத்தப்பட்டது. அந்த ஆண்டில் வேணாட்டில் மார்த்தாண்ட வர்மா அரசாண்டுகொண்டிருந்தார் என்பது தற்செயல்தான். ஆயினும் இரு கதைகளின் மூல நிகழ்ச்சிகளும் ஒரே அரை நூற்றாண்டுக்குள் அடங்குவதை ஆய்வாளர் மனத்திற்கொள்ளலாம்.

இயக்குநர் மகினோ ஷோஸோவும் நடிகர் ஓனோஎ மட்சுனோசுகேயும் 1910ஆம் ஆண்டுகளில் எடுத்த சூஷிங்குரா படங்கள் கபுகி மேடையைப் பெரும்பாலும் அப்படியே பதிவு செய்தன. கருவி அசையாது நின்றது. நடிகர் உணர்ச்சியின் உச்சத்தில் சிலையென உறைந்து நின்றார். பெண் வேடங்களை ஆண்களே ஏற்றனர். நம் இசை நாடக மேடையின் ஸ்திரீபார்ட்டை அறிந்தவர்களுக்கு இதில் வியப்பில்லை. எஞ்சியுள்ள படிவத்தில் மட்சுனோசுகே இறக்கும் பிரபுவாகவும், பழிதீர்க்கும் ஓயிஷியாகவும், எதிரியின் வீட்டைக் காக்கும் வீரன் ஒருவனாகவும் மூன்று வேடங்களில் வருகிறார். நட்சத்திர நடிகரைக் கூடுதலாகக் காட்டும் வணிக உத்தி இது. ஆனால் விளைவு அதைக் கடந்தது. தலைவனும் பணியாளனும் எதிரியின் காவலனும் ஒரே முகம் கொண்டிருக்கும்போது, விசுவாசம் இன்னாருக்குரியது என்பதே மங்கி, அது தனித்து நிற்கும் பண்பாகிவிடுகிறது. 

பேச்சில்லாத இப்படங்களுக்குப் பேச்சைத் தந்தவர் ‘பென்ஷி’ எனப்பட்ட கதைசொல்லி. திரையருகே அமர்ந்து, எல்லாப் பாத்திரங்களின் குரலிலும் பேசி, இடையிடையே கருத்தும் உரைப்பார். படத்தைக் காட்டிலும் பென்ஷியின் பெயருக்காகக் கூட்டம் கூடியதுண்டு. தமிழகக் கொட்டகைகளிலும் திரையருகே நின்று உரத்த குரலில் கதை சொல்பவர் இருந்ததைத் திரைப்பட வரலாற்றாசிரியர் சு. தியடோர் பாஸ்கரன் குறிப்பிட்டுள்ளார். வேறுபாடு என்னவெனில், ஜப்பானில் அது தனிக்கலையாக வளர்ந்து பேசும்படத்தின் வருகையையே சில ஆண்டுகள் தாமதப்படுத்தியது. இங்கு அது பேசும்படம் வந்தவுடன் சுவடின்றிப் போயிற்று.

1925இல் வெளியான ‘ஒரோச்சி’ இம்மரபை உடைத்தது. ஃபுதகாவா புன்தாரோ இயக்க, பாண்டோ சுமசாபுரோ நடித்த படம் அது. முதலில் ‘போக்கிரி’ எனப் பொருள்படும் தலைப்பு அதற்கு இடப்பட்டிருந்தது. தணிக்கையாளர் மறுத்ததால் பெரும்பாம்பைக் குறிக்கும் பெயராக மாறியது. கன்பூசிய ஆசிரியர் ஒருவரிடம் பயிலும் இளஞ்சாமுராய் ஹெய்சாபுரோ நேர்மையானவன். ஆசிரியரின் மகள்மீது அவனுக்கு அன்பு உண்டு. அவன் செய்யும் நல்லது ஒவ்வொன்றும் தவறாகப் புரிந்துகொள்ளப்பட்டு, முதலில் ஆசிரியர் வீட்டிலிருந்தும் பின்பு ஊரிலிருந்தும் துரத்தப்பட்டு, இறுதியில் பெயர்பெற்ற குற்றவாளியாகிறான். ஊர் போற்றும் பெரியமனிதரோ உள்ளே கயவர். அக்கயவரிடமிருந்து, இப்போது வேறொருவரின் மனைவியாகிவிட்ட அப்பெண்ணைக் காப்பாற்றியபின், நூற்றுக்கணக்கான காவலரோடு நெடுநேரம் போரிட்டுப் பிடிபடுகிறான். கட்டுண்டு செல்லும் அவனை ஊரார் வேடிக்கை பார்க்கின்றனர். உண்மை தெரிந்த அந்தக் கணவனும் மனைவியும் மட்டுமே கைகூப்புகின்றனர்.

சூஷிங்குராவில் விசுவாசத்திற்குச் சாட்சி உண்டு: கல்லறை, ஊர், வரலாறு. ஒரோச்சியில் சாட்சி இரண்டே பேர். இத்தோ தைசுகே 1927இல் எடுத்த ‘கெரோ’ (ஏவலாள்) இன்னும் ஒருபடி சென்றது. பழிவாங்கப் புறப்பட்ட சாமுராய் இளைஞனின் ஏவலாள் எஜமானனுக்காக எதிரியைக் கொன்றுவிடுகிறான். எதிரியின் உறவினர் கொலையாளியைக் கேட்கும்போது, எஜமானன் தன் உயிருக்கு அஞ்சி அவனையே அவர்களிடம் அனுப்பிவைக்கிறான். சோறிட்ட கையே காட்டிக்கொடுக்கும் கதை இது. உண்ட வீட்டுக்கு இரண்டகம் செய்வதைத் தமிழ் வழக்கு இழிவென்று சொல்லும். உண்டவனுக்கு வீடு செய்யும் இரண்டகத்திற்கு அத்தகைய சொல்வழக்கு நம்மிடையே வேரூன்றவில்லை. இத்தோ அந்த வெற்றிடத்தில் கதை சொன்னார். அதை அவர் 1955இல் மீண்டும் படமாக்கியது, பொருள் அவரை விட்டு நீங்கவில்லை என்பதற்குச் சான்று.

நாகர்கோவிலிலிருந்து ஒரு படம்

இனி நாஞ்சில் நாட்டுக்கு வருவோம். மலையாளத்தின் முதல் படமாகிய ‘விகதகுமாரன்’ எடுத்த ஜே. சி. டேனியல் அகஸ்தீஸ்வரத்தோடு தொடர்புடையவர். களரிப்பயிற்று பெற்றவர். இந்திய வாட்போர்க் கலை பற்றி இளமையிலேயே ஆங்கிலத்தில் நூல் எழுதியவர். வாள்வீச்சையும் களரியையும் உலகுக்குக் காட்டும் ஆவலே அவரைப் படக்கருவியிடம் கொண்டுசேர்த்தது என்பர். நிலத்தை விற்றுப் படம் எடுத்தார். படம் சமூகக் கதையாகவே அமைந்தது. திருவனந்தபுரம் கேப்பிட்டல் திரையரங்கில் அது காட்டப்பட்டபோது, தலித் சமூகத்தைச் சேர்ந்த பி. கே. ரோசி நாயர் குலப்பெண்ணாக நடித்திருந்தது கடும் எதிர்ப்பைக் கிளப்பியது. அவர் தாக்குதலுக்கு உள்ளாகி ஊரை விட்டே வெளியேற நேர்ந்தது.

டேனியலின் உறவினரான சுந்தர்ராஜ் ‘ஸ்ரீ ராஜேஸ்வரி பிலிம்ஸ்’ என்ற பெயரில் ‘மார்த்தாண்ட வர்மா’வை எடுத்தார். இதன் ஆண்டு நூல்களில் 1931 என்றும் 1933 என்றும் இருவகையாகக் குறிக்கப்படுகிறது. 1933இல் அதே கேப்பிட்டல் திரையரங்கில் அது வெளியாயிற்று. இடைத்தலைப்புகள் ஆங்கிலத்திலும் மலையாளத்திலும் இருந்தன. அவற்றுள் சில நாவலின் வாசகங்களையே எடுத்தாண்டவை. அக்காலத் திருவிதாங்கூர் அரசரான சித்திரைத் திருநாளின் ஊர்வலக் காட்சியும் படத்தில் இணைக்கப்பட்டுள்ளது. இருநூறு ஆண்டுகளுக்கு முந்தைய அரசரின் புனைவுக்கும், 1931இல் முழு ஆட்சிப் பொறுப்பேற்ற அரசரின் உண்மைப் படப்பிடிப்புக்கும் இடையில் ஒட்டு ஒன்று போடப்பட்டது. பார்வையாளர் அன்றைய அரசருக்குக் காட்டும் வணக்கமும் கதைமாந்தர் அன்றைய இளவரசருக்குக் காட்டும் விசுவாசமும் ஒரே நூலில் கோக்கப்பட்டன.

கதை பத்மநாபபுரம் அரண்மனையிலும் சாரோட்டுப் பகுதியிலும் மாங்கோயிக்கல் வீட்டிலும் நிகழ்கிறது. திருவட்டாற்றிலிருந்து சில மணி நேரத்தில் நடந்து எட்டக்கூடிய இடங்களே பலவும். மூத்த அரசர் ராமவர்மா நோயுற்றுக் கிடக்கிறார். மருமக்கத்தாய முறைப்படி மருமகன் மார்த்தாண்ட வர்மா அரசுரிமை பெறவேண்டும். அரசரின் மக்களான பத்மநாபன் தம்பியும் ராமன் தம்பியும் எட்டுவீட்டில் பிள்ளைமாரின் துணையோடு அதைத் தடுக்க முனைகின்றனர். கவிமணியின் ‘மருமக்கள் வழி மான்மியம்’ படித்த தமிழ் வாசகர், மகனுக்கும் மருமகனுக்கும் இடையிலான இப்பூசல் நாஞ்சில் நாட்டு வேளாளர் வீடுகளையும் எவ்வளவு காலம் அலைக்கழித்தது என்பதை அறிவர்.

இங்கேதான் சாமுராய் கதைகளிலிருந்து அடிப்படையான வேறுபாடு வருகிறது. சாமுராய்க்குத் தலைவன் பிறப்பாலேயே தீர்மானிக்கப்பட்டவன்; பணி செய்வதா விடுவதா என்ற வினா எழலாம், யாருக்கு என்ற வினா எழாது. மார்த்தாண்ட வர்மா கதையில் யாருக்கு என்பதே வினா. இளவரசர் அரியணையில் இல்லை. படையில்லை, பணமில்லை. உயிருக்கு அஞ்சி ஓடுகிறார். மாங்கோயிக்கல் குறுப்பு அவருக்கு அடைக்கலம் தருவது பெற்ற நன்மைக்குக் கைம்மாறாக அன்று. உண்ணாத சோற்றுக்குத் தீர்க்கும் கடன் இது. செஞ்சோற்றுக்கடன் என்ற சொல் இவ்விடத்தில் போதாமற் போகிறது. உரிமை எவர்பக்கம் என்று தாமே தீர்ப்பளித்து, அத்தீர்ப்பின் விலையைத் தாமே செலுத்துபவர்கள் இக்கதையின் மாந்தர்.

அவர்களுள் அதிக விலை கொடுப்பவள் சுபத்ரா. கணவன் ஐயத்தால் கைவிட்டுச் சென்ற பெண். சதியை உளவறிந்து இளவரசரை எச்சரிக்கிறாள். பிள்ளைமாரில் ஒருவரான குடமண் பிள்ளையின் மருமகள் அவள். குடும்பத்திற்கு எதிராக நின்றாள் என்பதற்காக அந்தத் தாய்மாமனின் வாளாலேயே இறக்கிறாள். மருமக்கத்தாய முறையில் மருமகளைக் காப்பது தாய்மாமனின் முதற்கடமை. மருமகனின் அரசுரிமையைக் காக்கும் கதையில் மருமகள் தாய்மாமனால் கொல்லப்படுகிறாள் என்பதிலுள்ள கசப்பை ராமன் பிள்ளை அறிந்தே வைத்திருக்க வேண்டும். சூஷிங்குரா மரபில் பெண்கள் ஆடவரின் விசுவாசத்திற்காகத் துன்புறுபவர். தாமே விசுவாசத்தின் முதல்வர் ஆவது அரிது. இவ்வகையில் சுபத்ரா அவர்களினும் ஒரோச்சியின் ஹெய்சாபுரோவுக்கே நெருங்கியவள். இருவரும் ஊராரின் பழிச்சொல்லைச் சுமந்தபடியே நன்மை செய்கின்றனர்.

சான்றார் தோற்றத்தில் ஒரு விசுவாசி

இளவரசரின் நெருங்கிய துணைவன் அனந்தபத்மநாபன், திருமுகத்துப் பிள்ளையின் மகன். பஞ்சவன்காட்டில் வெட்டப்பட்டு இறந்தவனாகக் கருதப்படுகிறான். பட்டாணியர் காப்பாற்ற, உயிர் பிழைத்து மாறுவேடங்களில் நடமாடுகிறான். அவற்றுள் முதன்மையானது ‘பிராந்தன் சான்னான்’, அதாவது பித்துப்பிடித்த சான்றான் வேடம். ஆபத்து வரும்போதெல்லாம் இளவரசரைக் காக்க இந்தப் பித்தன் எங்கிருந்தோ தோன்றுகிறான்.

மாறுவேடம் மௌனப்படத்திற்கு மிகவும் உகந்த உத்தி. உடையும் நடையும் மாறினால் ஆளே மாறியதாகக் காட்ட முடியும், குரல் காட்டிக்கொடுக்காது. ஜப்பானிய வாட்போர்ப் படங்களும் இதை மிகுதியாகக் கையாண்டன. ஆனால் கல்குளம், விளவங்கோடு வட்டாரங்களில் சான்றார் வேடம் வெறும் உத்தி ஆகாது. 1820கள் தொடங்கி 1859 வரை தோள்சீலைப் போராட்டம் நடந்த மண் இது. மேலாடை உடுத்தும் உரிமைக்காகச் சான்றார் பெண்கள் அடிபட்ட நினைவு, நாவல் வெளியானபோது ஒரு தலைமுறைப் பழக்கமே கொண்டது. ஒரு நாயர் பிரபு, யாரும் உற்றுநோக்காத, தொலைவிலேயே நிறுத்தப்படும் உடலுக்குள் ஒளிந்துகொள்கிறான். தீண்டாமையே அவனுக்குக் கவசமாகிறது. விசுவாசத்தின் வினை சான்றார் உடலில் நிகழ்கிறது. வேடம் களையும்போது அதன் புகழ் நாயர் பெயரில் சேர்கிறது.

இதற்கு எதிர்நிலையில் குமரி மாவட்டத்து நாடார் மக்களிடையே ஒரு வாய்மொழி மரபு வழங்குகிறது. மார்த்தாண்ட வர்மாவின் படைத்துணைவராக நின்ற அனந்தபத்மநாபன் உண்மையிலேயே நாடார் குலத்துக் களரி ஆசான் என்றும், அருமனை அருகேயுள்ள தச்சன்விளையைச் சேர்ந்தவர் என்றும் அது கூறும். ஆவணச் சான்று எவ்வளவு என்பது தனியாக ஆராயப்பட வேண்டியது. இலக்கிய ஆய்வுக்கு முதன்மையானது இரு கூற்றுகளுக்கும் இடையிலான உறவு. நாவலில் வேடமாக இருப்பது வாய்மொழி மரபில் ஆளாக இருக்கிறது. இத்தோவின் ஏவலாளைத் தலைவன் காட்டிக்கொடுத்தான். இம்மரபின்படி பார்த்தால் ஏவலாளைக் கதையே வேடமாக்கிவிட்டது.

இப்பின்னணியில், நாகர்கோவில் தயாரிப்பாளர் ஒருவர் தம் பொருளைச் செலவிட்டு இக்கதையைத் திரைக்குக் கொண்டுவந்தது எளிய அரசபக்தியாக மட்டும் தோன்றவில்லை. படம் வெளியான 1933இல், கதை நிகழும் நிலத்தின் பெரிய கோயில்களுக்குள் சான்றாரும் புலையரும் பறையரும் நுழைய இயலாது. ஆதிகேசவர் சன்னிதி அவர்களுக்குத் திறந்தது 1936 நவம்பர் 12ஆம் நாள் சித்திரைத் திருநாள் வெளியிட்ட கோயில் நுழைவு அறிவிப்புக்குப் பின்னரே. வாளை வைத்து வழிபட்ட அரசரின் கதையைத் திரையில் காசு கொடுத்துப் பார்க்க எவராலும் முடிந்தது. அவ்வாள் வைக்கப்பட்ட இடத்தைக் காண முடியவில்லை. ரோசியின் நிகழ்ச்சியையும் இதனோடு வைத்து நோக்கலாம். மேல்சாதியார் கீழ்ச்சாதி வேடம் புனைவது நாவலிலும் படத்திலும் வீரம். ஒடுக்கப்பட்ட பெண் மேல்சாதி வேடம் புனைந்தது அதே திரையரங்கில் குற்றமாயிற்று.

தோற்றவர் பக்கத்துப் பாடல்

நாவலும் படமும் தம்பிமாரைச் சதிகாரராகக் காட்டுகின்றன. நாஞ்சில் நாட்டு வில்லுப்பாட்டு மரபோ வேறு கதை சொல்கிறது. வலிய தம்பி, குஞ்சுத் தம்பி கதைப்பாடலில் அவர்கள் வஞ்சகத்தால் வீழ்ந்த வீரர். தங்கையின் பொருட்டு எழுந்த பகை அவர்களின் அழிவுக்குக் காரணமாகிறது. கொல்லப்பட்டவரை மறக்காமல் பாடிப் படையலிடும் நாட்டார் வழக்கிற்கேற்ப, தோற்றவர்பால் இரக்கம் அங்கு ஊற்றெடுக்கிறது. பிள்ளைமார் குடும்பத்துப் பெண்களும் பிள்ளைகளும் மீனவரிடம் ஒப்படைக்கப்பட்டனர் என்னும் செய்தியும் வெற்றியின் மறுபக்கமாக இவ்வட்டாரத்தில் நினைவுகூரப்படுகிறது.

ஒரோச்சியின் இயக்குநர் கெட்டவன் என்று ஊர் அழைப்பவனின் பக்கம் நின்று கதை சொன்னதை ஜப்பானியத் திரை வரலாறு திருப்புமுனையாகக் கருதுகிறது. நாஞ்சில் நாட்டில் அப்பணியைத் திரைக்கு முன்பே வில்லுப்பாட்டுப் புலவர்கள் செய்துவிட்டனர். ஆனால் திரைப்படம் அச்சேறிய நாவலைத் தேடிச் சென்றது. ஊர்க்கோயில் கொடைகளில் பாடப்பட்ட பாடலைத் தேடவில்லை. பாடலைத் தேடியிருந்தால் பதிப்புரிமை வழக்கும் வந்திராது என்பது வேறு செய்தி.

நூலுக்கு உண்மையாதல்

அந்த வழக்கே படத்தின் ஊழைத் தீர்மானித்தது. நாவலின் உரிமையைப் பெற்றிருந்த திருவனந்தபுரம் கமலாலயா புத்தக நிலையம், தன் இசைவின்றிப் படம் எடுக்கப்பட்டதாக நீதிமன்றம் சென்றது. வெளியான சில நாள்களிலேயே படம் நிறுத்தப்பட்டுப் படச்சுருள் பதிப்பகத்தின் வசமாயிற்று. நாவலுக்குப் பெரிதும் உண்மையாக நடந்துகொண்ட படம், அந்த உண்மைத்தன்மையாலேயே சட்டத்தின் முன் மாட்டிக்கொண்டது.

விந்தை என்னவெனில் அந்தப் பறிமுதலே படத்தைக் காத்தது. ஆர். நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ உட்படத் தென்னிந்திய மௌனப்படங்கள் கொட்டகை கொட்டகையாக ஓடித் தேய்ந்து அழிந்துபோயின. ஓடாத இப்படம் புத்தகக் கிடங்கில் நாற்பது ஆண்டுகள் கிடந்தது. 1974இல் அதை அங்கிருந்து மீட்டுப் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் சேர்த்த பெருமை பி. கே. நாயரைச் சாரும். தென்னிந்திய மௌனப்படங்களுள் பெரும்பகுதி எஞ்சியிருப்பது இது ஒன்றே என்பது திரை வரலாற்றாசிரியர் கருத்து. ஜப்பானிலும் இத்தகைய தற்செயல்களே எது பிழைக்கும் என்பதை முடிவுசெய்தன. மகினோ ஷோஸோ தம் வாழ்நாள் படமாகக் கருதி எடுத்த 1928ஆம் ஆண்டுச் சூஷிங்குராவின் படச்சுருளில் ஒரு பகுதி, தொகுப்பு வேலையின்போது அவர் வீட்டிலேயே தீப்பிடித்து எரிந்தது; மறு ஆண்டு அவர் மறைந்தார். ஒரோச்சி பிழைத்திருக்கிறது. பழம்படச் சுருள்களைத் தேடிச் சேர்த்த பென்ஷி மட்சுதா ஷுன்சுய்யின் உழைப்பு அதை இன்றைய பார்வையாளரிடம் சேர்த்தது. கெரோவின் மௌனப் படிவம் மறைந்துவிட்டது.

1956 நவம்பர் 1ஆம் நாள் கல்குளமும் விளவங்கோடும் தோவாளையும் அகஸ்தீஸ்வரமும் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. கதை நிகழ்ந்த அரண்மனையும், வாள் வைத்து வழிபட்ட கோயிலும், தயாரிப்பாளரின் ஊரும் இன்று தமிழ்நாட்டில் உள்ளன. படமோ மலையாளத் திரைப்பட வரலாற்றின் இரண்டாம் படமாக எண்ணப்படுகிறது. அதன் இடைத்தலைப்புகளில் தமிழ் இல்லாமையே இதற்குக் காரணம். ஓசையற்ற ஒரு படம் எம்மொழிக்குரியது என்பதை எழுத்து அட்டைகள் முடிவு செய்துவிட்டன. அவ்வட்டைகளை நீக்கிப் பார்த்தால் எஞ்சுவன ஓடும் இளவரசரும், வெட்டுண்டு விழும் சுபத்ராவும், ஊருக்குள் எவரும் ஏறிட்டுப் பாராத ஒரு பித்தனும். தம்பிமார் கதைப்பாடலின் பாட வேறுபாடுகளையும் தச்சன்விளை வாய்மொழிச் செய்திகளையும் அருகே வைத்துக்கொண்டு அக்காட்சிகளை மீண்டும் பார்க்கும் வேலை தமிழாய்வுக்கு மீதமிருக்கிறது.